தெரு முழுவதும் போட்ட சால்வை

அவருடைய தலை கறுப்புத் துணிக்குள் இருந்த நேரம்தான் அவர் எங்கள் ஊருக்குச் செய்த உபகாரம். அந்த நேரத்தில் மட்டும் அவரால் எதையும் திருத்த முடியாது. தலை வெளியே வந்துவிட்டால் போயிற்று. எதிரே நிற்கிறவனின் துண்டை இழுத்துவிடுவார், குடுமியைத் தட்டிவிடுவார், மாட்டின் வாலை மறுபக்கம் எடுத்துப் போடுவார். பிறகு துணிக்குள் போவார். மறுபடியும் வெளியே வருவார். மாடு பொறுமையான பிராணி. மனிதர்கள் அப்படியல்ல.

ஊரில் அவரைப் படக்கார அண்ணாச்சி என்றார்கள். இந்த நூற்றாண்டு பிறந்த புதிதில், ஆற்றுப் பாலத்துக்குப் பாளையங்கோட்டைப் பக்கமாக, கூரையில் பாதிக்குக் கண்ணாடி பதித்த ஒரு கொட்டகையில் புகைப்படம் பிடித்துக்கொண்டிருந்தார். வாசலில் ஒரு பலகை. அவர் பெயருக்குக் கீழே 'உள்ளது உள்ளபடி' என்று பெரிய எழுத்தில் எழுதியிருக்கும். நான் அப்போது ரெவினியூ கச்சேரியில் குமாஸ்தா. பொய் மனு, பொய்ச் சாட்சி, பொய்க் கைநாட்டு எல்லாம் பார்த்துப் பழகியவன். அந்தப் பலகையின் தைரியம் எந்தக் காகிதக் கட்டிலும் நான் பார்க்காதது.

நாங்குநேரிப் பக்கம் இருந்த பங்கு நிலத்தை விற்றுப் படப்பெட்டி வாங்கியவர் அவர். கலியாணப் படங்களும் குடும்பப் படங்களும் அவருக்குச் சோறு போட்டன. ஆனால் அவற்றை அவர் தொழிலாகவே மதிக்கவில்லை. மாறிக்கொண்டிருக்கிற ஊரைப் படமாகப் பிடித்து வைப்பதுதான் தம் பிறவிக் கடமை என்று சொல்லிக்கொண்டு திரிந்தார். பாலத்தில் காற்று வாங்கப் போகிறவர்கள் அவரிடம் அகப்பட்டுக்கொண்டால், காற்று வாங்கின மாதிரிதான்.

"ஊரு மாறுது வே. மாறுததுக்கு முன்னால ஒண்ணு, மாறின பெறவு ஒண்ணு. ரெண்டையும் பிடிச்சு வச்சுட்டம்னா, நாளைக்கு வாரவன் நம்மளக் கையெடுத்துக் கும்பிடுவான், பாத்துக்கிடும்."

"நம்மளன்னா? என்னையும் சேத்தா?"

"உம்ம எதுக்குக் கும்பிடுதான்? நீரு காயிதத்தக் கட்டி வைக்கீரு. நான் காலத்தக் கட்டி வைக்கேன்."

காலத்தை அவர் கட்டி வைத்த விதம் இது. பஞ்சு ஆலைக்குப் புதிதாகப் புகைபோக்கி எழும்பியபோது பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார். அன்றைக்கு ஆலை ஓடவில்லை, புகை இல்லை. புகை இல்லாத புகைபோக்கியில் என்ன முன்னேற்றம் தெரியும் என்று கேட்டு, அடியில் ஈர வைக்கோலைக் குவித்துக் கொளுத்தச் சொன்னார். படம் பிரமாதமாக வந்தது. புகை இருந்தது. புகைபோக்கிதான் இல்லை.

தாமிரபரணிப் படித்துறையில் ஜனங்கள் குளிக்கிறதைப் படம் பிடித்தார். குழாய்த் தண்ணீர் வந்துவிட்டால் இந்தக் காட்சி போய்விடும் என்பது அவர் கவலை. நியாயமான கவலைதான். ஆனால் குளித்துக்கொண்டிருந்தவர்களையெல்லாம் கரையேறச் சொல்லி, தலை துவட்டச் சொல்லி, வீட்டுக்குப் போய்ச் சட்டை போட்டுக்கொண்டு வரச் சொன்னார். முழங்கால் தண்ணீரில், கழுத்துவரை பொத்தான் போட்ட சட்டைகளோடு, நெற்றியில் திருநீறு காய்ந்துபோய் அவர்கள் நிற்கிற படத்தை என்னிடம் பெருமையாகக் காட்டினார்.

"குளிக்கவனுக்கு எதுக்குவே சட்டை?" என்று கேட்டேன்.

"வெறும் மேலா நின்னா அசிங்கமா இருக்கும்லா."

"அப்போ பலகையில என்ன எழுதிப் போட்டிருக்கீரு?"

"உள்ளது உள்ளபடிதான் வே. அவன்கிட்டச் சட்டை உள்ளதுதான? வீட்டுல கெடந்துச்சு. எடுத்துப் போடுன்னேன். இல்லாத சட்டையவா நான் போடச் சொன்னேன்?"

இந்த வாதத்துக்குப் பதில் சொல்ல வக்கீல்களுக்குப் பீஸ் கொடுப்பார்கள். எனக்குச் சம்பளத்தில் அது சேரவில்லை.

இன்னொரு சங்கடமும் இருந்தது. மதராசில் விலைபோகாமல் கிடக்கும் பழைய கண்ணாடித் தட்டுகளைத்தான் அவர் வாங்குவார். அவற்றில் உருவம் லேசில் விழாது. பெட்டியின் மூடியைத் திறந்துவிட்டு, ஒரு வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவி மடித்து வாயில் போட்டுக்கொள்கிற நேரம் காத்திருக்க வேண்டும். அதுவரை அசையாமல் நிற்பது விழும். அசைந்தது பனிமூட்டமாகிவிடும். நடந்தது இருந்த இடமே தெரியாமல் போகும். கடைத்தெருவைச் சந்தை நாளில் பிடித்தார். சாத்தான்குளத்திலிருந்து கருப்பட்டி வண்டிகள் வந்து நிற்கிற நாள்; தோளோடு தோள் இடிக்கிற கூட்டம். படத்தில் வெறிச்சோடிய தெரு. நடுவில் படுத்திருந்த ஒரு நாய். அவர் எடுத்த சாட்சியத்தின்படி எங்கள் கடைத்தெருவின் ஜனத்தொகை ஒரு நாய்.

எங்கே போனாலும் கூடவே ஒரு தகரப் பெட்டி வரும். அதில் ஒரு குடை, ஒரு கடிகாரச் சங்கிலி (கடிகாரம் கிடையாது), கொத்துக் குண்டூசி, ஒரு சால்வை. சந்தன நிறத்தில் அகலச் சரிகைக் கரை போட்ட சால்வை. அதன் ஒரு முனையில் படம் கழுவுகிற மருந்து சிந்தி, வெற்றிலை அளவுக்கு, வெற்றிலை வடிவத்திலேயே கறுத்திருந்தது. அந்தக் கறை போகவே போகாது. பெரிய மனிதர்களைப் பார்க்கப் போனால் அந்தச் சால்வையைத்தான் போட்டுக்கொள்வார்; கறை உள்ளே போகும்படி மடித்துக்கொள்வார். படத்தில் மட்டும் அதைப் பற்றிக் கவலைப்பட மாட்டார். "அது நெழலாப் போயிரும் வே" என்பார். ஏழை பாழைகளைப் படம் பிடிக்க நேர்ந்தால் முதல் வேலை அந்தச் சால்வையை அவர்கள்மேல் போட்டுக் குண்டூசி குத்துவது. பிறகு பெட்டிக்குப் போவார். பாதி வழியில் திரும்பி வருவார். "ஒரு மடிப்பு வே. ஒரே ஒரு மடிப்பு."

இவ்வளவும் சிரித்துவிட்டுப் போகிற சங்கதிகள். அவரைப் பற்றி நான் எழுத வேண்டி வந்தது வெள்ளத்தால்.

ஐப்பசி கடைசியில் ஆறு பெருகி, கரையோரம் இருந்த பானைக்காரத் தெருவைக் கொண்டுபோய்விட்டது. பானை வனைகிறவர்கள் இருபது குடும்பத்துக்கு மேல் அங்கே இருந்தார்கள். மண் சுவர்கள் கரைந்து வந்த இடத்துக்கே போய்விட்டன. சூளை போயிற்று. சுட்டு அடுக்கியிருந்த பானைகள் மிதந்து போனதைப் பாலத்தில் நின்று ஊரே வேடிக்கை பார்த்தது. ஜனங்களை ஒரு சத்திரத்துச் சாவடியில் ஒதுக்கினார்கள். ஒழுகுகிற சாவடி, ஆற்று ஈரம் தரையிலேயே நிற்கும்.

அவர்கள் ஒரு மனுக் கொடுத்தார்கள். தெருவுக்கு மேற்கே சர்க்கார் மேட்டு நிலம் ஒன்று சும்மா கிடந்தது. வெள்ளம் ஏறாத இடம். அதில் குடும்பத்துக்கு ஒரு மனை வேண்டும் என்பது மனு. அதே மேட்டை ஒரு புது அரிசி ஆலைக்குக் கேட்டும் ஒரு மனு இருந்தது. அதிகாரம் இருந்தது சப்-கலெக்டர் துரையிடம்.

துரை வயதில் இளையவர், ஊருக்குப் புதிது. படப்பெட்டியில் பைத்தியம். சீமையிலிருந்து வரும்போதே ஒன்று கொண்டுவந்தவர். ஒவ்வொரு குடும்பமும் தத்தம் இடிந்த வீட்டின் முன் நிற்கும்படி ஒரு படம் எடுத்து மனுவோடு வைக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். எந்த விதியிலும் அப்படி ஒன்று இல்லை. ஆனால் விதியில் இல்லாததைச் செய்யத்தானே துரைகள் இருக்கிறார்கள். தாசில்தார் படக்கார அண்ணாச்சியைக் கூப்பிட்டார்.

அண்ணாச்சிக்கு அது பெரிய யோகம். தம் ஊர்ப் படங்களையெல்லாம் ஒரு ஆல்பமாகக் கட்டி, துரை கையால் மதராசுக்கு அனுப்பி, சர்க்கார் படக்காரர் என்று பட்டம் வாங்க அவர் காத்திருந்தார். வேலை நன்றாக அமைந்தால் ஆல்பத்தைப் பார்ப்பதாகத் துரையும் சொல்லியிருந்தார்.

குடும்பப் பெயர்களைச் சரிபார்த்து எழுத என்னை அனுப்பினார்கள். மழை விட்டு விட்டுத் தூறிக்கொண்டிருந்த நாள். வெளிச்சமே இல்லை. முதல் குடும்பம் வந்து நின்றதுமே தகரப் பெட்டி திறந்தது. சால்வை வெளியே வந்தது.

"வே, இது சேதத்தக் காட்டுததுக்கு எடுக்க படம். கலியாணப் படம் இல்ல" என்றேன்.

"கிழிசலோட நிப்பாட்டி எடுத்தா எனக்குத்தான கேவலம்?"

"உமக்கு என்ன கேவலம்? வெள்ளம் உம்ம வீட்டுலயா வந்துச்சு?"

எனக்குப் பதில் சொன்னது அவர் அல்ல. அந்த ஜனங்கள். இசக்கி என்று ஒரு பெண். புருஷன் இல்லாதவள், மாமனாரை வைத்துக்கொண்டிருந்தவள், மனுவை எழுதி வாங்கி முதல் கைநாட்டு வைத்தவளும் அவள்தான். முன்னால் வந்து நின்றாள்.

"துரை பாக்க படம்லாய்யா. துரை மொகத்துல முழிக்கப் போவையில கந்தலோடயா போவோம்? மரியாத கெட்ட சனம்னு நெனச்சிர மாட்டாரா?"

மற்றவர்களும் தலையாட்டினார்கள். அதிகாரியைப் பார்க்கப் போனால் இருக்கிறதில் நல்லதை உடுத்திக்கொண்டு போவது அவர்கள் அறிந்த மரியாதை. உடுத்த ஒன்றும் இல்லாதபோது ஒரு சால்வை தானாக வருகிறது, வேண்டாம் என்பார்களா? குடை கைமாறியது. சங்கிலி கைமாறியது. ஒருவர் படம் முடிந்ததும் அடுத்தவர் தோளுக்குச் சால்வை போயிற்று. என் ஆட்சேபத்தை நான் குறிப்பில் எழுதினேன். படங்கள் அழகாக இருப்பதாக நினைத்த தாசில்தார் அந்தக் குறிப்பை எடுத்துவிட்டுப் படங்களை மேலே அனுப்பினார்.

அன்று கடைசியாக நின்றது இசக்கியும் அவள் மாமனாரும். கிழவருக்குச் சாவடி ஈரத்தில் காய்ச்சல். உட்கார வைத்த இடத்தில் உடம்பு உதறிக்கொண்டிருந்தது.

"பெரியவரே, ஆடாதேயும்" என்றார் அண்ணாச்சி.

"நான் எங்கய்யா ஆடுதேன்? குளுருலா ஆட்டுது."

"மாமா, செத்த நேரம் மூச்சப் பிடிச்சுக்கிடுங்க" என்றாள் இசக்கி. "மேட்டுக்குப் போயிட்டம்னா நல்லா தீ மூட்டி வைக்கேன்."

"எப்பம் போவோம், தாயி?"

"படம் முடியட்டும்."

அண்ணாச்சி மூடியைத் திறந்தார். திறந்த மாத்திரத்தில் கிழவரின் உதறலில் குண்டூசி விட்டு, சால்வை தோளிலிருந்து நழுவியது. தட்டு வீணாகிவிடுமே என்று வேறு எவனாயிருந்தாலும் மூடியை மூடியிருப்பான். இவர் ஓடினார். பக்கவாட்டில் போய் நின்று, கையை நீட்டி, மடிப்பைத் தோளோடு சேர்த்து அழுத்திப் பிடித்துக்கொண்டார். பிடித்தபடியே வாய்க்குள் எண்ணினார். எண்ணி முடித்ததும் ஓடிவந்து மூடினார்.

"வெளங்கிச்சு" என்றேன்.

"நான் படத்துல வர மாட்டேன் வே. ஓரத்துலதான நின்னேன்."

அவர் வரவில்லைதான். கை வந்திருந்தது. மணிக்கட்டுவரை, வேறு யாரோடும் சேராமல், கிழவரின் தோளில் ஒரு கை.

படங்களைத் துரை பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார். ஜனங்கள் குளிரில் நின்றவர்கள். அசையாமல் யாரால் நிற்க முடியும்? முகங்கள் எல்லாம் கலங்கிப் போயிருந்தன. குண்டூசி குத்தின சால்வை மட்டும் இழை இழையாகத் தெளிவாக விழுந்திருந்தது. ஒவ்வொரு படத்திலும் அதே சரிகை, அதே வெற்றிலைக் கறை, அதே குடை, அதே சங்கிலி.

துரை தமிழ்ப் பரீட்சை தேறியவர். புத்தகத்தில் எப்படியோ அப்படியே பேசுவார். "இவர்கள் யாவரும் ஒரே குடும்பத்தார். இடம் மாறி மாறி நின்று என்னை ஏமாற்ற எண்ணியிருக்கிறார்கள்" என்றார். "இந்த ஒரு குடும்பத்திற்கு ஒரு மனை மட்டும் அளிக்கப்படும். எஞ்சிய நிலம் ஆலைக்கு."

நான் நடந்ததைச் சொன்னேன். சால்வை படக்காரருடையது என்றேன். "அப்படியாயின் அவரே வந்து என் முன் கூறட்டும்" என்றார் துரை. குமாஸ்தாவின் வாய்ச்சொல்லை வைத்து உத்தரவை மாற்றுவதில்லை. அது சரியான நடைமுறை. அதில் நான் குறை சொல்ல மாட்டேன்.

அன்று மாலையே கொட்டகைக்குப் போனேன். அவர் ஆல்பத்துக்கு அட்டை ஒட்டிக்கொண்டிருந்தார்.

"நாளைக்குத் தொரை முன்னால வந்து ஒரு வார்த்தை சொல்லும். சால்வை என்னுது, நாந்தான் போட்டேன். அவ்வளவுதான்."

பசைக் கையைத் துடைத்துக்கொண்டார். "சொன்னா என் ஆல்பத்த என்ன நெனப்பாரு?"

"என்ன நெனப்பாரு?"

"இதுலயும் என்னென்ன மாட்டிவிட்டானோம்பாரு. படித்துறைப் படத்தப் பாத்தா சட்டை அவன்துதானாம்பாரு."

"அவன்துதான? நீருதான சொன்னீரு?"

"வெளையாடாதேயும் வே. பத்து வருசத்துப் பாடு."

"அங்க சாவடியில ஒரு கெழவன் உதறிக்கிட்டுக் கெடக்கான். சால்வை உம்முதுன்னு சொல்ல உமக்கு என்ன நோவு?"

அட்டையின் ஓரத்தை விரலால் நீவிவிட்டார். "சரி, வாரேன்" என்றார். வருகிறேன் என்று மட்டும்தான் சொன்னார் என்பதை நான் அப்போதே கவனித்திருக்க வேண்டும்.

மறுநாள் வந்தார். கச்சேரி முற்றத்தில் பானைக்காரத் தெரு முழுவதும் நின்றது. கிழவர் வர முடியவில்லை. துரை படங்களை மேசையில் பரப்பியிருந்தார். ஒன்றைக் கையில் எடுத்து, "இந்தச் சால்வை யாருடையது?" என்று கேட்டார்.

"அவுகவுக உடுத்திட்டு வந்ததுதான் தொரை" என்றார் அண்ணாச்சி. குரல் நடுங்கவே இல்லை. "நம்ம பெட்டி உள்ளத உள்ளபடிதான் எடுக்கும்."

நான் எத்தனையோ பொய்ச் சாட்சிகளைப் பார்த்தவன். அவர்களில் பெரும்பாலானவர்கள் தரையைப் பார்த்துச் சொல்லுவார்கள். இவர் நேரே பார்த்துச் சொன்னார். அவ்வளவு குடும்பங்களும் அந்த ஒரு வாக்கியத்தில் ஒரே குடும்பமாகிவிட்டன. துரை பேனாவை எடுத்தார்.

"துரையே, ஒரு வார்த்த." வாசலில் இசக்கி.

டவாலி சேவகன் கையை நீட்டி மறித்தான். "ஏட்டி, வெளிய போ."

"நான் எங்க உள்ள வந்தேன்? வாசல்லதான நிக்கேன். வாசல்ல நிக்கதுக்கும் மனுக் குடுக்கணுமா?"

துரை தலையசைத்தார். சேவகன் கையை இறக்கினான். அவள் உள்ளே வராமல் அங்கேயே நின்று அண்ணாச்சியைக் காட்டினாள்.

"அந்த அய்யா தோளுல கெடக்க துணிய ஒருக்கா விரிச்சுக் காட்டச் சொல்லுங்க."

அப்போதுதான் நானே பார்த்தேன். பெரிய மனிதரைப் பார்க்கப் போகிறோம் என்று, வழக்கம்போல, அந்தச் சால்வையைப் போட்டுக்கொண்டு வந்திருக்கிறார் அந்த மனிதர்! கறையை உள்ளே மடித்து, சரிகையை வெளியே விட்டு, கச்சிதமாக. பொய் சொல்ல வந்த இடத்துக்கு அந்தப் பொய்யையே உடுத்திக்கொண்டு வந்தவரை நான் முன்னும் பின்னும் கண்டதில்லை.

"கீழ முனையில வெத்தல கணக்கா ஒரு கறுப்பு இருக்கும்" என்றாள் இசக்கி. "எங்க மாமா நெஞ்சுல கெடந்தப்போ, அழுக்குன்னு நெனச்சு எச்சி தொட்டுத் தொடச்சேன். போவல."

எல்லார் கண்ணும் அவர் தோளுக்குப் போயிற்று. அந்த நேரத்திலும் அவர் கை என்ன செய்தது தெரியுமா? சால்வையின் முனையைப் பிடித்து, இன்னொரு மடிப்பு மடித்தது.

"விரியும்" என்றார் துரை.

விரித்தார். துரை படத்தைப் பார்த்தார், கறையைப் பார்த்தார், மறுபடி படத்தைப் பார்த்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார். கச்சேரியில் சிரிக்க உத்தரவு உள்ள ஒரே ஆள் அவர்தான். அதனால் தனியாகச் சிரித்தார். சிரித்து முடித்து உத்தரவு சொன்னார். எல்லாப் படமும் மறுபடியும் எடுக்கப்பட வேண்டும். படக்காரர் எதையும், எவரையும் தொடக் கூடாது. நான் பக்கத்தில் நின்று பார்த்துக்கொள்ள வேண்டும். அவை வந்த பிறகு முடிவு.

வெளிச்சம் வரவும், தட்டுகள் மதராசிலிருந்து வரவும் நாட்கள் போயின. அண்ணாச்சி அனுப்பிய ஆல்பத்தைத் துரை பிரிக்காமலே திருப்பி அனுப்பினார்.

இரண்டாம் தடவை போனபோது அவர் கைகளைப் பின்னால் கட்டிக்கொள்ளச் சொன்னேன். மூடியைத் திறக்கவும் மூடவும் மட்டும் அவிழ்க்கலாம் என்றேன். ஜனங்கள் கந்தலோடு வந்து நின்றார்கள். முதல் தடவை இருந்த கலகலப்பு இல்லை. ஆண்கள் தரையைப் பார்த்தார்கள். ஒரு பெண் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். துணியை விலக்கச் சொல்ல வேண்டியிருந்தது. அதைச் சொன்னது நான். உத்தரவு அப்படி.

கடைசியில் இசக்கி வந்தாள். தனியாக நின்றாள்.

"பெரியவரு எங்க?" என்றார் அண்ணாச்சி.

"அவரு போயிட்டாரு. நேத்து முந்தின நாளு. அவருக்கு மேட்டுல எடம் வேண்டாமாம்."

அண்ணாச்சி கறுப்புத் துணிக்குள் தலையை விட்டுக்கொண்டார். வெகு நேரம் வெளியே வரவில்லை. உள்ளே என்ன செய்தார் என்று எனக்குத் தெரியாது. பெட்டிக் கண்ணாடியைச் சரிபார்த்திருப்பார்.

மனைகள் கிடைத்தன. அரிசி ஆலை வேறு எங்கோ போயிற்று. அண்ணாச்சிக்குப் பாளையங்கோட்டையில் பெயர் கெட்டது. 'சால்வை' என்று பையன்கள் கூப்பிட ஆரம்பித்தார்கள். பலகையைக் கழற்றிக்கொண்டு ராதாபுரம் பக்கம் போனார். அங்கே இறந்தவர்களைச் சாத்தி வைத்துப் படம் பிடிப்பதாகக் கேள்விப்பட்டேன். அவருக்கேற்ற வாடிக்கை. ஆடாது, மடிப்பு கலையாது, எதிர்த்துச் சாட்சி சொல்லாது. அங்கேயே காலமானார் என்று பிற்பாடு யாரோ சொன்னார்கள்.

படங்களின் கதையையும் சொல்லிவிடுகிறேன். ஏற்றுக்கொள்ளாத சாட்சியம் கொடுத்தவருக்கே திரும்பிப் போக வேண்டும் என்பது விதி. ஆகவே முதல் தடவை எடுத்த சால்வைப் படங்களைக் குடும்பத்துக்கு ஒன்றாக நானே திருப்பிக் கொடுத்தேன். ஏற்றுக்கொண்ட கந்தல் படங்கள் கச்சேரியில் தங்கின. காத்து வைக்கிற கெடு முடிந்ததும் மற்றப் பழைய காகிதங்களோடு அவற்றைக் கொளுத்தினோம். அதுவும் விதிப்படிதான். அந்த மனிதர் தம் ஆயுளில் உள்ளது உள்ளபடி எடுத்த படங்கள் அவை மட்டுமே.

ஓய்வு பெற்ற பிறகு ஒரு கோடையில் தண்ணீர்ப் பானை வாங்க அந்த மேட்டுத் தெருவுக்குப் போனேன். இசக்கி என்னை அடையாளம் கண்டுகொண்டாள். தலை நரைத்திருந்தது; வாய் நரைக்கவில்லை.

"கச்சேரி அய்யாவா? இன்னுமா இருக்கிய?" என்று கேட்டு உள்ளே கூப்பிட்டாள்.

சுவரில் கிழவரின் படம். முகம் பனிமூட்டம். சால்வை இழை இழையாக. தோளில் அந்தக் கை. படத்துக்கு ஒரு பூச்சரம் போட்டிருந்தார்கள். கைக்குத் தனியாக ஒரு பூ செருகியிருந்தது. கிழவரின் நெற்றி இருக்க வேண்டிய இடத்தில் ஒரு சந்தனப் பொட்டு. கையின்மேல் இன்னொன்று.

அவளோடு வந்து இருக்கும் தம்பி மருமகள் தண்ணீர் கொண்டுவந்தாள். நான் படத்தைப் பார்ப்பதைக் கண்டு, "அது சொடலமாடசாமி கை" என்றாள். "வெள்ளத்துல எங்க தாத்தாவக் கை தாங்கிச்சாம். அதுக்கப்புறந்தான் இந்த மேடு கெடச்சுது." கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு உள்ளே போனாள்.

நான் இசக்கியைப் பார்த்தேன்.

"எளசுங்க அப்படித்தான் சொல்லுதுவ" என்றாள்.

"அந்தக் கை யாருதுன்னு உனக்குத் தெரியும்லா?"

"தெரியாம? பக்கத்துலதான நின்னேன்."

"பெறவு ஏன் சொல்லல? அந்த ஆளு உங்க மாமாவையா பிடிச்சான்? மடிப்பப் பிடிச்சான்."

"மடிப்பத்தான் பிடிச்சாரு." அவள் ஒரு பானையைத் தட்டிப் பார்த்து என் முன்னால் வைத்தாள். "தொரை வந்தாரு, தாசில்தாரு வந்தாரு, நீங்க வந்திய. உதறிக்கிட்டு இருந்த மனுசன் மேல வேற எந்தக் கை பட்டுச்சு, சொல்லுங்க பாப்போம்."

பானையை வாங்கிக்கொண்டேன். புறப்படுமுன் இன்னொரு தடவை படத்தைப் பார்த்தேன். கையின்மேல் வைத்த சந்தனம் கொஞ்சம் கோணலாக இருந்தது. அவர் இருந்திருந்தால் திருத்தியிருப்பார்.

நான் தொடவில்லை.